என் பெயரில் ஓர் அந்துப்பூச்சி

திருகோணமலையில் கம்பளிச் சுவெற்றர் வைத்திருந்த பெண்கள் அந்தக் காலத்தில் அதிகம் பேர் இருந்திருக்கமாட்டார்கள். நானும் என் சிநேகிதியும் வைத்திருந்தோம். என்னுடையது நாவல் நிறம், அவளுடையது சாம்பல். வருடத்தில் ஒரு கிழமைக்கு மட்டும் தேவைப்படும் அந்த உடுப்புகளை மிச்ச நாளெல்லாம் அவளுடைய வீட்டு அலுமாரியின் கீழ்த்தட்டில் வேப்பிலை போட்டு மடித்து வைத்திருப்போம், அந்துப்பூச்சி அரித்துவிடும் என்ற பயத்தில். அந்துப்பூச்சி பார்க்கப் போவதற்காகத்தான் அவற்றை வாங்கினோம் என்பதை அவளுடைய கணவர் வீட்டுக்கு வருபவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பார்.

நான் விலங்கியல் படிப்பித்தேன், அவள் தாவரவியல். ஒரே பெண்கள் பாடசாலையில் ஒரே வருடம் நியமனம் கிடைத்தவர்கள். என் அப்பா கடற்படைத் தளத்துப் பண்டகசாலையில் வேலை செய்தவர். வெள்ளைக்காரர் தளத்தைக் கையளித்துவிட்டுப் போனபோது அவருடைய வேலையும் அவர்களோடு போய்விட்டது. அதற்குப் பிறகு வீடு என் சம்பளத்தில் ஓடியதால் என் கலியாணப் பேச்சு கொஞ்சம் கொஞ்சமாக அடங்கிப்போனது. பாலையூற்று வீட்டில் அப்பாவும் நானும் மட்டும். அவள் கத்தோலிக்கக் குடும்பத்துப் பெண். உவர்மலையில் வீடு, ஒரே மகன். கணவர் துறைமுகத்தில் மீன் வள்ளங்களுக்கு ஐஸ் செய்து கொடுக்கும் ஆலையில் மேற்பார்வையாளர்.

அவளுடைய அக்கா நுவரெலியாவில் ஒரு கன்னியர் மடத்தில் சிஸ்டராக இருந்தார். நத்தார்ப் பண்டிகை முடிந்ததும் அவள் அக்காவைப் பார்க்கப் போவது வழக்கம். அறுபதுகளின் தொடக்கத்தில் ஒரு டிசெம்பரில், "நீரும் வாருமன், ரீச்சர். அங்கை இல்லாத பூச்சியே" என்று என்னையும் கூப்பிட்டாள். கலியாணமாகாத மகள் மடத்தில் தங்குவதை அப்பா எப்படி மறுப்பார்? போனேன்.

மடத்துக்கு மரக்கறி கொண்டுவரும் லொறி ஒன்று திரும்பிப் போகும்போது எங்களை மேலே ஏற்றிச் சென்றது. லீக்ஸ் தோட்டங்கள் முடிந்து, காடு முடிந்து, அதற்கும் மேலே வெறும் புல்வெளி. காலையில் புல்லின்மேல் உறைபனி உப்புப் பூத்ததுபோலக் கிடந்தது. அவள் ஏதோ ஒரு சின்ன நீலப் பூவைத் தேடிக்கொண்டு சரிவில் குந்தியிருந்தாள்.

"ரீச்சர், என்ரை சாரியிலை என்னவோ ஊருது."

"அசையாதையும்."

உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துப் பார்த்தேன். நெல்மணி அளவில், சாம்பல் மயிர் மூடிய கொழுத்த உடல். ஆறு கால், மெல்லிய உணர்கொம்புகள். முதுகின் இரண்டு பக்கமும், வெட்டிப்போட்ட நகத்துண்டுகள்போல ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தன. அவை சிறகுகள் என்று விளங்க எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது.

"இதுக்கு செட்டை முளைக்க மறந்துபோச்சோ?" என்று கேட்டாள்.

"இல்லை. இது முழுசா வளர்ந்த பெட்டை. பறக்கிறதை விட்டிட்டுது."

பன்னிரண்டு மணி வெயில் ஏறியபிறகு ஆண் பூச்சிகள் வெளியே வந்தன. சின்னஞ்சிறிய பழுப்பு நிறச் சிறகுகளோடு புல்நுனிக்குச் சற்று மேலே தாழ்வாகப் பறந்தன. அந்த உயரத்தில் இரவுக் குளிரில் இவ்வளவு சின்னப் பூச்சியால் பறக்க முடியாது. அதனால் இவை பகலில் பறந்தன. பெட்டைகளோ புல்லின் அடியில் காத்திருந்தன. ஆண் வந்து தேடிக் கண்டுபிடிக்கும். பிறகு பெட்டைகள் தாம் பிறந்த புற்கட்டிலேயே முட்டையிட்டுச் செத்துப்போகும்.

பிடித்த பெட்டையைக் கொழும்பில் ஒரு அருங்காட்சியகத்துக்குக் கொண்டுபோய்க் காட்டினோம். அங்கிருந்த வயதான அதிகாரி ஒரு கண்ணாடிப் பெட்டியைத் திறந்து, ஊசி குத்திய ஓர் ஆண் பூச்சியைக் காட்டினார். யார் பிடித்தது, எந்த மலையில் பிடித்தது என்று ஒன்றும் எழுதியிருக்கவில்லை. பெயரும் இல்லை. பெட்டையை அவர் அன்றுதான் முதலில் பார்த்தார். நாங்கள் இடத்தைச் சொல்ல வாயெடுத்தபோது கையைக் காட்டித் தடுத்தார். பறக்க முடியாத பூச்சி அது, எவ்வளவு இடத்தில் இருக்கிறது என்று தெரியும்வரை யாருக்கும் சொல்ல வேண்டாம், தனக்கும் வேண்டாம் என்றார். திரும்பி வரும் வழியில் ரயிலில் நாங்கள் அதைப் பற்றி அதிகம் பேசவில்லை. சத்தியம் எதுவும் செய்துகொள்ளவுமில்லை. யாருக்கும் சொல்வதில்லை என்பது இருவருக்கும் அவ்வளவு தெளிவாக இருந்தது.

அதன்பிறகு ஒவ்வொரு டிசெம்பரும் போனோம். பக்கத்துச் சரிவுகளையெல்லாம் முழங்காலில் நின்று தேடினோம். அதே புல், அதே மண், அதே வெயில். ஆனால் பூச்சி இல்லை. ஓர் ஓடைக்கும் ஒரு யூகலிப்ரஸ் தோட்டத்துக்கும் நடுவே உள்ள அந்த ஒரே சரிவில் மட்டும்தான் அது இருந்தது. எங்கள் பாடசாலை விளையாட்டுத் திடலைப்போல மூன்று நான்கைப் போட்டால் அந்த இடம் நிரம்பிவிடும். பெட்டையால் ஓடையைத் தாண்ட முடியாது. அதனால் அந்த இனமும் தாண்டவில்லை.

முட்டைகளை ஊருக்குக் கொண்டுவந்து வளர்க்கப் பார்த்தோம். முதலாவது தொகுதி பாலையூற்று வெக்கையில் கருகிப்போனது. அப்போதுதான் அவளுடைய கணவர் ஐஸ் ஆலையில் ஒரு மூலை தந்தார். மலைப்புல்லை மண்ணோடு பெயர்த்து ஒரு பெரிய பிஸ்கற் தகரத்தில் வைத்து, ஐஸ் கட்டிகளுக்குப் பின்னால் உள்ள குளிரறையில் வைத்தோம். சல்லிக் கிராமத்திலிருந்து சூரைமீனும் கீரிமீனும் கொண்டுவரும் மீனவர்கள் ஐஸ் ஏற்றும்போது அந்தத் தகரத்தை எட்டிப் பார்ப்பார்கள். "இதுக்குள்ளை என்ன ரீச்சர், இறாலோ?" என்பார்கள். பாடசாலை விட்டதும் நாங்கள் இருவரும் சைக்கிளில் அங்கே போய், கொஞ்ச நேரம் தகரத்தை வாசலுக்குக் கொண்டுவந்து வெளிச்சம் காட்டுவோம். முட்டை புதிதில் வெளிர்பச்சையாக இருக்கும். ஒரு மாதம் போனால் ஈயநிறமாகும். புழு வெளியே வந்தபின் கோது வெள்ளையாகிவிடும். புழு பூச்சியாக மாற இரண்டு வருடம் எடுத்தது. எங்கள் சாரியிலும் தலைமயிரிலும் மீன்வாடை அடித்தது. ஒருநாள் அவளுடைய கணவர் பாடசாலை வாசலில் சைக்கிளை நிறுத்திவிட்டு, "உங்கடை பிள்ளை பிறந்திட்டுது" என்று சொன்னார். ஓடிப்போய்ப் பார்த்தோம். செட்டையில்லாத ஒரு பெட்டை, தகரத்தின் விளிம்பில் ஏறி நின்றது. அவள் என் தோளைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அப்படி ஒரு சந்தோசத்தை நான் வேறு எவரோடும் பகிர்ந்ததில்லை.

எழுபதுகள் வந்தன. அவளுடைய மகன் கெட்டிக்காரன். பொறியியலுக்குப் போதுமான புள்ளிகள் எடுத்திருந்தான். ஆனால் அந்த வருடம்தான், பல்கலைக்கழகம் போகத் தமிழ்ப் பிள்ளைகள் மற்றவர்களைவிடக் கூடப் புள்ளி எடுக்கவேண்டும் என்ற தரப்படுத்தல் வந்தது. இடம் கிடைக்கவில்லை. அவன் சோதனையை மறுபடி எடுத்தான், மறுபடியும் கிடைக்கவில்லை. ஓய்வறையில் அவள் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு சாப்பிடாமல் இருப்பாள். நான் ஆறுதல் சொல்வேன். என்ன சொன்னாலும் பிள்ளையில்லாதவள் சொல்லும் ஆறுதலாகவே அது இருந்திருக்கும்.

அந்தக் காலத்தில் ஒரு வெளிநாட்டுப் பேராசிரியர் கடற்கரை ஹோட்டல் ஒன்றில் வந்து தங்கியிருந்தார். பூச்சிகள் சேகரிப்பவர். பிடித்தவற்றைக் குளிரில் வைக்க இடம் தேடி ஐஸ் ஆலைக்கு வந்திருக்கிறார். அங்கே எங்கள் தகரத்தைப் பார்த்துவிட்டார். பாடசாலைக்கே வந்து எங்களைக் கண்டு, இந்தப் பெட்டை எங்கே கிடைத்தது என்று கேட்டார். நான் சிரித்துக்கொண்டு, மலையில் என்றேன். எந்த மலை என்றார். இன்னும் ஆராய்ச்சி முடியவில்லை, முடிந்ததும் நாங்களே எழுதுவோம் என்றேன். அவர் மரியாதையாகத் தலையாட்டினார். அவள் என் பக்கத்தில் நின்றிருந்தாள்.

அந்த வருடம் டிசெம்பர் பிறந்ததும், "இந்த முறை மலைக்கு ஏலாது ரீச்சர். மட்டக்களப்பிலை அம்மாவுக்குச் சுகமில்லை" என்றாள். நானும் பார்க்க வரட்டுமா என்று கேட்டதற்கு வேண்டாம் என்றாள். அவள் இல்லாமல் மடத்தில் போய்த் தங்க எனக்குக் கூச்சமாக இருந்தது. விடுமுறை முழுவதும் வீட்டில் இருந்தேன். அவளுடைய அம்மாவுக்காகக் கோணேசர் கோயிலில் ஒரு அர்ச்சனைகூடச் செய்தேன்.

பெப்ரவரியில் விடைத்தாள் திருத்த என்னைக் கண்டிக்குக் கூப்பிட்டார்கள். விடியக்காலைக் குளிருக்கு உதவும் என்று என் சுவெற்றரை எடுக்க அவள் வீட்டுக்குப் போனேன். அவள் பூசைக்குப் போயிருந்தாள். கணவர் வாசலில் கதிரையில் இருந்து பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தார். "அலுமாரி திறந்துதான் கிடக்கு, எடுங்கோ" என்றார். அவர் அன்றைக்குப் பேப்பரைவிட்டு முகத்தை எடுக்கவேயில்லை என்பது பிறகுதான் எனக்கு உறைத்தது.

என்னுடையது அடியில் கிடந்தது. மேலே கிடந்த அவளுடைய சாம்பல் சுவெற்றரைத் தூக்கியபோது அதன் கை மடிப்பிலிருந்து காய்ந்த புல்விதைகள் கொட்டின. மடிப்பை விரித்தேன். உள்ளே ஒரு பெட்டைப் பூச்சி, கம்பளியை ஆறு காலாலும் பிடித்தபடி காய்ந்துபோய் இருந்தது. அதற்குப் பக்கத்தில் நூலோடு நூலாக ஒட்டியபடி ஒரு வரிசை முட்டைகள். ஈயநிறம்.

பறக்கத் தெரியாத பூச்சி அது. தானாக எங்கும் வந்திருக்க முடியாது. அந்தச் சரிவில், அந்தப் புல்லில் போய் இருந்தவருடைய உடுப்பில் மட்டும்தான் அது ஏறும். நாங்கள் சேர்ந்து போன முந்திய டிசெம்பரில் ஏறியது என்றால் முட்டைகள் எப்போதோ வெள்ளைக் கோதாகியிருக்கும். நான் அலுமாரிக்கு முன்னால் நிலத்தில் இருந்துவிட்டேன். கொஞ்ச நேரத்தில் எழும்பி, பூச்சியை நூலோடு வெட்டி ஒரு நெருப்புப்பெட்டிக்குள் வைத்துக்கொண்டு, அவருக்குப் போய்வருகிறேன் என்று சொல்லிவிட்டு வெளியேறினேன். சுவெற்றரை எடுக்க மறந்துவிட்டேன்.

மறுநாள் பாடசாலை விட்டபின் ஆய்வுகூடத்தில் அவள் தனியாக இருந்தாள். நான் நெருப்புப்பெட்டியை மேசையில் திறந்து வைத்தேன்.

"இது உம்முடைய சுவெற்றரிலை இருந்தது."

பார்த்தாள். தொடவில்லை. "பழசா இருக்கும்."

"முட்டையைப் பாரும்."

முட்டையின் நிறம் அவளுக்கும் தெரியும். ஐஸ் ஆலை வாசலில் என்னோடு நின்று படித்தவள்தானே. முக்காலியை இழுத்துப்போட்டு இருந்தாள்.

"நான் மட்டக்களப்புக்குப் போக இல்லை" என்றாள்.

"ஆரோடை போனனீர்?"

"அந்தப் பேராசிரியரோடை. அவர் ஹோட்டலிலை நிண்டவர், நான் அக்காவின்ரை மடத்திலை."

"எவ்வளவு எடுத்தவர்?"

"கொண்டுவந்த கண்ணாடிக் குழாயெல்லாம் நிறையுமட்டும்." பிறகு, நான் கேட்கும் முன்பே சொன்னாள்: "பெட்டையளைத்தான். ஆண் பறந்து திரியிறது ஆருக்கும் ஆம்பிடும். பெட்டையளை அவராலை கண்டுபிடிக்க ஏலாமல் போச்சு. நான்தான் புல்லை விலத்திக் காட்டினனான்."

ஆய்வுகூடத்துத் தண்ணீர்க் குழாய் ஒழுகிக்கொண்டிருந்தது. அவள் எழும்பிப் போய் அதை இறுக்கிவிட்டு வந்தாள்.

"என்ரை மகனுக்குத் தன்ரை பல்கலைக்கழகத்திலை இடம் எடுத்துத் தாறனெண்டவர். எடுத்துத் தந்திட்டார். செப்ரெம்பருக்குப் போறான்."

"என்னைக் கேட்டிருக்கலாம்."

"கேட்டிருந்தா நீர் என்ன சொல்லியிருப்பீர்?"

நான் நெருப்புப்பெட்டியை மூடினேன்.

"நீர் ஏலாது எண்டுதான் சொல்லியிருப்பீர். எனக்கு உம்மைத் தெரியும். நீர் ஏலாதெண்டு சொன்னாப் பிறகு என்னாலை போக ஏலாது. அதுதான் கேக்க இல்லை."

பத்து வருடத்துக்கு மேலான பழக்கத்தில் அவள் என்னை எவ்வளவு சரியாக அறிந்து வைத்திருந்தாள் என்பது அந்த ஒரு வசனத்தில் தெரிந்தது. அந்த அறிவைத்தான் எனக்கு எதிராகப் பாவித்திருக்கிறாள். பொய்யைக்கூட நான் ஒருநாள் மறந்திருப்பேன். அவள் தன் கையால் புல்லை விலக்கியதைத்தான் மறக்க முடியவில்லை. எந்தப் புற்கட்டின் எந்தப் பக்கத்தில் பெட்டை இருக்கும் என்பதை நாங்கள் இருவரும் சேர்ந்து, முழங்கால் தேயத் தேடிக் கற்றுக்கொண்டோம். அதில் பாதி என்னுடையது. அதையும் சேர்த்துக் கொடுத்துவிட்டாள்.

"மகன் நல்லாப் படிக்கட்டும். நீங்கள் வீட்டை போங்கோ, நான் பூட்டிக்கொண்டு வாறன்" என்றேன்.

நீர் என்றிருந்தது நீங்கள் ஆனதை அவள் கவனித்தாள். முகம் சிவந்துபோனது. அன்றிலிருந்து எங்கள் கதை வகுப்பு நேரசூசிகை, சோதனைத்தாள், கரும்பலகைத் துணி என்ற அளவில் நின்றது. மற்ற ஆசிரியைகள் ஏதோ மனஸ்தாபம் என்று நினைத்தார்கள். யாருக்கும் விளக்கம் சொல்ல எனக்கு மனமில்லை. ஒரு பூச்சிக்காகவா என்று கேட்பார்கள் என்ற பயமும் இருந்தது.

அடுத்த டிசெம்பரில் தனியாக மலைக்குப் போனேன். சிஸ்டர் வழக்கம்போலத் தேத்தண்ணீர் தந்தார். தங்கையைப் பற்றிய பேச்சை அவரும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை. சரிவில் ஆண் பூச்சிகள் எப்போதும்போலப் பறந்தன, பெட்டைகளும் இருந்தன. அதில் எனக்கு ஆறுதல் கிடைக்கவில்லை. இவை பேராசிரியர் வந்ததற்கு முந்திய வருடத்துப் பெட்டைகள் இட்ட முட்டைகளிலிருந்து வந்தவை. அவர் அள்ளிக்கொண்டு போனவற்றின் வாரிசுகள் வரவேண்டியது அடுத்த வருடம்தான்.

அதற்கிடையில் ஒரு காலைக் கூட்டத்தில் அதிபர் என்னை மேடைக்குக் கூப்பிட்டார். வெளிநாட்டுச் சஞ்சிகை ஒன்று அவருடைய கையில் இருந்தது. இலங்கை மலைகளில் கண்டுபிடிக்கப்பட்ட புது அந்துப்பூச்சி ஒன்றுக்கு எங்கள் ஆசிரியையின் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது என்று அறிவித்தார். பிள்ளைகள் கைதட்டினார்கள். ஒரு மாணவி நித்தியகல்யாணிப் பூக்களில் கட்டிய மாலையோடு வந்தாள். குனிந்து வாங்கிக்கொண்டேன். சிரித்தேனா என்று தெரியவில்லை, சிரித்திருப்பேன். படி இறங்கும்போது அவள் ஆசிரியைகளின் வரிசையில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இடைவேளையில் என் பக்கத்தில் வந்தாள். "அவர் என்ரை பெயரைத்தான் வைக்கப் போறனெண்டவர். நான்தான் உம்முடைய பெயரைப் போடச் சொன்னனான்."

அவள் அதை ஒரு பரிசாக நினைத்தாள். இன்றைக்கும் நான் அதைச் சந்தேகிக்கவில்லை. என் பெயரை லத்தீன் மாதிரி வளைத்து, கடைசியில் ஓர் எழுத்தைக் கூட்டி அச்சடித்திருந்தார்கள். அதற்குக் கீழே, எந்த ஊரிலிருந்து எந்தப் பாதையில் ஏறி எந்த ஓடையைத் தாண்ட வேண்டும் என்று, ஒருமுறையும் போகாதவர் நேரே போய்ச் சேரும் விதமாக இடம் எழுதியிருந்தது. நான் மறைத்து வைத்திருந்த இடம் என் பெயரின் கீழேயே கிடந்தது. படிப்பவர்கள் நான்தான் காட்டிக்கொடுத்தேன் என்று நினைப்பார்கள்.

"நன்றி ரீச்சர்" என்றேன். மணி அடித்தது. வகுப்புக்குப் போனேன்.

அந்த வருடம் டிசெம்பரில் நான் போனபோது சரிவின் கீழ்ப்பகுதியில் புற்கட்டுகள் மண்வெட்டியால் புரட்டிப் போடப்பட்டிருந்தன. "இந்த முறை கனபேர் வந்து போட்டினம் பிள்ளை. எல்லாரும் ஓடைக்கு வழி கேட்டவை" என்று சிஸ்டர் சொன்னார். நல்ல வெயில். மேகம் இல்லை, காற்று இல்லை. பன்னிரண்டு மணிக்கு நான் சரிவின் நடுவில் நின்றேன். ஒன்றும் பறக்கவில்லை. முழங்காலில் நின்று ஒவ்வொரு புற்கட்டாக விலக்கிப் பார்த்தேன். மறுநாளும் பார்த்தேன், அதற்கு மறுநாளும். பேராசிரியர் எடுத்தவற்றாலா, பிறகு வந்தவர்களாலா என்று பிரித்துச் சொல்ல என்னால் முடியாது. பிறகு வந்தவர்களுக்கும் வழி அந்தச் சஞ்சிகைதானே. அங்கேயே இருந்து அழுதேன். மடத்துக்குப் போய் அழ முடியாது. அங்கே அவளுடைய அக்கா இருந்தார்.

அதன்பிறகு இரண்டு மூன்று தடவை போயிருக்கிறேன். ஒருமுறை ஓர் ஆண் பறந்ததுபோல இருந்தது. காற்றில் போன புல்விதையாகவும் இருக்கலாம்.

மகன் படித்து, அங்கேயே வேலை எடுத்து, கலியாணமும் செய்தான். எழுபதுகளின் முடிவில் அவளுடைய கணவர் ஓய்வு பெற்றதும், மகன் இருவரையும் தன்னிடம் அழைத்தான். பயணத்துக்கு முன் ஒரு பின்னேரம் அவள் பாலையூற்றுக்கு வந்தாள். அப்பா காலமான பிறகு அவள் என் வீட்டுக்கு வந்தது அதுவே முதல் தடவை. பேரப்பிள்ளையின் படம் காட்டினாள். வடிவான பிள்ளை என்றேன். அது பொய்யில்லை. தேத்தண்ணீர் போட்டுக் கொடுத்தேன். கொஞ்சம் குடித்துவிட்டுக் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள்.

"நீர் என்னை ஒருநாளும் ஏச இல்லை" என்றாள். "ஒருக்கா ஏசியிருந்தீர் எண்டால் எனக்கு லேசா இருந்திருக்கும்."

"தெரியும்" என்றேன்.

அவள் என் முகத்தைப் பார்த்தாள். அந்த ஒரு சொல்லில் இத்தனை வருடமாக ஏசாமலே நான் அவளை என்ன செய்திருக்கிறேன் என்பது அவளுக்கு விளங்கியது என்று நினைக்கிறேன். கோப்பையை மேசையில் வைத்தாள். பிறகு மகனுடைய ஊரின் குளிரைப் பற்றிக் கொஞ்சம் கதைத்தாள். நானும் கேட்டுக்கொண்டிருந்தேன். மழைக்கால இருட்டு சீக்கிரம் வந்துவிடும் என்பதால் அவளோடு பஸ் தரிப்பு வரை நடந்தேன். பஸ் வந்ததும் என் கையைப் பிடித்தாள், நான் இழுக்கவில்லை. அவள் ஏறி, யன்னலோரம் இடம்பிடித்து இருந்தாள். நான் வீட்டுக்குத் திரும்பினேன். அடுத்த நாள் ஒன்பதாம் வகுப்புக்குத் தவளையின் இதயம் படிப்பிக்க வேண்டியிருந்தது.